ஜாதி நாயின் வயிறு

மொரப்பூரில் எங்கள் வீடும் அத்தை வீடும் அடுத்தடுத்து இருந்தன. மாமா பெங்களூரிலிருந்து ஒரு பொமரேனியன் குட்டியை ரயிலில் கொண்டுவந்தபோது எனக்கு ஒன்பது வயது. அத்தை அதற்கு டிங்கு என்று பெயர் வைத்தாள். தெருவில் யாரும் அந்தப் பெயரைச் சொல்லவில்லை, ஜாதி நாய் என்றார்கள். ஜாதி என்று வந்துவிட்டால் சட்டதிட்டமும் வந்துவிடுமே. தயிர்சோறு, அவித்த கேரட், வேளைக்கு ஒரு பிஸ்கட், அவ்வளவுதான். தெரு நாய்களெல்லாம் எலும்பைக் கடித்துக்கொண்டு ராஜாவாகத் திரியும்போது இது மட்டும் ஆஸ்பத்திரிச் சாப்பாடு சாப்பிட்டது எனக்குப் பொறுக்கவில்லை.

மாரியம்மன் பண்டிகைக்குக் கெடா வெட்டினார்கள். இலையில் மிச்சம் வைத்தால் அம்மா விடமாட்டாள். எனக்கோ கொழுப்பைக் கண்டாலே குமட்டும். டிங்கு வந்து என்னை ஒட்டி உட்கார்ந்தது. ஏழெட்டுத் துண்டு போயிருக்கும். இலை சுத்தமாக இருந்ததற்கு அம்மா என்னை மெச்சிக்கொண்டாள்.

மறுநாள் காலையிலிருந்து டிங்கு வாந்தி எடுத்தது. குடித்த தண்ணீரும் வெளியே வந்தது. முன்னங்காலைத் தரையில் நீட்டி, பின்பக்கத்தைத் தூக்கிக்கொண்டு நின்றது. சாமி கும்பிடுகிறது என்று நான் சிரித்தேன். அது வயிற்றுவலி என்று இப்போது தெரியும், நினைத்தால் வெட்கமாக இருக்கிறது.

பண்டிகைக்கு வந்தவர்கள் கண் பட்டுவிட்டது என்று சுற்றிப் போட்டார்கள். அதிலும் கேட்காததால், வயிற்றில் ஏதோ சிக்கியிருக்கிறது, தொக்கம் எடுத்தால் சரியாகிவிடும் என்று முடிவாயிற்று. குழந்தைகளுக்குத் தொக்கம் எடுக்கிற அம்மா ஒருவர் பக்கத்துத் தெருவில் இருந்தார். நாய்க்கு எடுத்துப் பழக்கமில்லை என்று முதலில் மறுத்தவர், அத்தை அழுததைப் பார்த்து ஒப்புக்கொண்டார். டிங்குவின் வயிற்றில் குழலை வைத்து உறிஞ்சி, கிண்ணத்துத் தண்ணீரில் துப்பிக் காட்டினார். ஒரு முடியும் ஒரு சோற்றுப் பருக்கையும் மிதந்தன. நான் எட்டி எட்டிப் பார்த்தேன். கொழுப்பு இல்லை. அப்படியானால் என்மேல் தப்பில்லை. அன்று மத்தியானம் வயிறாரச் சாப்பிட்டேன்.

டிங்குதான் சாப்பிடவில்லை. சாயங்காலம் தலையைக்கூடத் தூக்க முடியாமல் கிடந்தது. மாமா அதைத் துண்டில் சுற்றிக்கொண்டு தருமபுரிக்குப் பஸ் ஏறினார். அத்தையோடு நானும் தொற்றிக்கொண்டேன். டாக்டர் வயிற்றை அழுத்திப் பார்த்து, ரத்தமும் சோதித்தார். கணையம் வீங்கியிருக்கிறது, இந்த மாதிரிச் சின்ன நாய்களுக்குக் கறிக் கொழுப்பு ஆகவே ஆகாது, இன்னும் ஒரு நாள் விட்டிருந்தால் பிழைத்திருக்காது என்றார். யார் போட்டது என்று கேட்டு மாமா எங்கள் பக்கம் திரும்பினார். நான் அத்தையின் முந்தானைக்குப் பின்னால் ஒதுங்கினேன்.

"நாந்தாங்க போட்டேன்," என்றாள் அத்தை. "ஏழெட்டுத் துண்டு இருக்கும்."

மூன்று நாள் டிங்குவுக்கு டிரிப்ஸ் ஏறியது. மூன்று நாளும் மாமா அத்தையோடு பேசவில்லை. நாய் பிழைத்துக்கொண்டது.

எனக்கு அத்தைமேல் ஆத்திரமாக வந்தது. நான் போட்டது போதாதென்று இவளும் போட்டிருக்கிறாளே. ஒருநாள் நேராகப் போய்க் கேட்டேவிட்டேன்.

"இனிமே டிங்குக்குக் கொழுப்பு போடாதீங்க அத்தை."

அத்தை என்னை இழுத்துப் பக்கத்தில் உட்காரவைத்தாள்.

"போடல சாமி. நீயும் பாத்துக்க."

என்னைக் காவலுக்கு வைக்கிறாள் என்றுதான் நான் எடுத்துக்கொண்டேன். அதற்கப்புறம் அந்த வீட்டில் கறி சமைத்த நாளெல்லாம், அத்தையின் கையை விட்டு நான் கண்ணை எடுக்கவே இல்லை.