தலைச்சோலையில் தரையில் உட்கார்ந்தேன்

நான் நடித்த படங்களில் பாதிக்கு மேல் தியேட்டருக்கே வரவில்லை. நாயகியின் தோழியாக நடிக்கப் பெரிய படங்களில் கூப்பிட்டார்கள், போகவில்லை. ஏற்காட்டில் கடை வைத்து என்னை வளர்த்த என் அத்தாவுக்கு அதில் வருத்தம்தான்.

அந்தச் சமயத்தில்தான் ஓர் இளம் இயக்குநர் எங்கள் மலைக்கே ஒரு கதையோடு வந்தார். மாசமாக இருக்கும் ஒரு தொழிலாளிப் பெண், காப்பிப்பழ மூட்டையைத் தூக்க மறுத்து அப்படியே தரையில் உட்கார்ந்துவிடுகிறாள். யார் மிரட்டினாலும் எழுவதில்லை. கேட்டு முடிக்கும் முன்பே சம்மதித்துவிட்டேன்.

நாகலூர்ப் பக்கம் ஓர் எஸ்டேட்டில் அனுமதி கிடைத்தது. இரண்டாம் நாள் காலையில் அந்த எஸ்டேட்டில் கணக்கு எழுதும் ரைட்டர் வந்தார்.

"ஏனுங்க, கதை இப்படின்னு சொல்லவே இல்லீங்களே? மொதலாளி வேண்டாங்கறாரு. சாமானெல்லாம் எடுத்துக்கங்க."

அடுத்த வருஷம் பார்க்கலாம் என்றார் இயக்குநர். பழம் சிவந்து நின்றது. பறித்துவிட்டால் இந்த வருஷம் படம் இல்லை. அடுத்த வருஷம் நாங்கள் ஒன்றுசேர்வோமா என்பதே சந்தேகம். மறுநாள் நான் தனியாக, சின்னக் காப்பித் தோட்டக்காரர்கள் இருக்கும் தலைச்சோலைக்குப் பஸ் ஏறினேன். இரண்டு வீடுகளில் மறுத்தார்கள். மூன்றாவது வீட்டில் ஒரு விவசாயியும் அவர் மனைவியும் முழுக் கதையையும் கேட்டார்கள். மனைவிதான் பேசினார்.

"கடைசில அந்தப் புள்ள எந்திரிச்சுப் போயிருமா?"

"இல்லீங்கக்கா. அங்கயேதான் உக்காந்திருப்பா."

"அப்பச் செரி. நாங்க கீழ்ப்பக்கம் பறிக்கறோம், நீங்க மேல்பக்கம் எடுத்துக்கங்க."

பனி விலகாத ஈரத் தரையில் உட்கார்ந்தேன். மேஸ்திரியாக நடித்தவர் கத்தத் தொடங்கினார். வசனத்தின் நடுவில் எனக்குப் பின்னால் செடிகள் அசையும் சத்தம் கேட்டது. கீழே பறித்துக்கொண்டிருந்த பெண்கள் இடுப்புக் கூடையோடு ஏறி வந்து என் பின்னால் நின்றிருந்தார்கள். அந்த அக்கா முன்னால் வந்தார்.

"ஏனுங்க, மாசமா இருக்கற புள்ளய எதுக்கு இப்படி வெரட்டறீங்க?"

நடிகருக்கு வசனம் மறந்துவிட்டது. இயக்குநர் காமிராவை நிறுத்தவில்லை. நானும் எழவில்லை.

பிறகு அந்த அக்காவிடம், "நெசம்னு நெனச்சுட்டீங்களாக்கா?" என்று கேட்டேன்.

"படம்னு தெரியும் கண்ணு. அதுக்குன்னு கேட்டுக்கிட்டுச் சும்மா இருக்க முடியுமா?" என்றார்.

அதுதான் படத்தின் கடைசிக் காட்சி. எழுதியிருந்த முடிவை இயக்குநர் தூக்கிப்போட்டுவிட்டார்.

தியேட்டர் கிடைக்கவில்லை. சேலத்தில் ஒரு கல்யாண மண்டபத்தில் திரை கட்டிப் போட்டோம். படம் முடிந்ததும் நூல் மில்லில் வேலை செய்யும் ஒரு பெண் நேராக என்னிடம் வந்தார்.

"நொம்ப நல்லா இருந்துச்சுங்க. எங்க மில்லுக் கதைய எப்ப எடுப்பீங்க?"

அதற்குத் தயாரிப்பாளர் இன்னும் கிடைக்கவில்லை. அந்த மில் பெண்ணின் ஷிப்ட் முடியும் நேரத்துக்கு மலையிறங்கிப் போய், அவர் சொல்லச் சொல்லக் கேட்டுக்கொண்டிருக்கிறேன். இந்தப் படத்தையும் எடுத்துவிடுவோம்.