சின்னம்மாவின் பொட்டு

மகளின் கல்யாணத்தில் ஆலாத்தித் தட்டை என் கையிலிருந்து வாங்கிக்கொண்டாள் மச்சாள்.

"புருஷன் இல்லாதவை இதைத் தொடுறதில்லை" என்றாள்.

அந்த நேரம் துறைமுகத்தில் ஒரு கப்பல் ஊதியது.

எனக்கு ஏழு வயதில் சின்னம்மாவுக்குக் கல்யாணம். திருகோணமலையின் பெரிய மனிதர்கள் எல்லோரும் வந்திருந்தார்கள். மூன்றே மாதத்தில் சித்தப்பா போன கப்பல் புயலில் மூழ்கியது. உடல் கிடைக்கவில்லை. தாலிக்கொடியைக் கழற்ற வந்த பெண்களிடம், "ஆளைக் கொண்டுவந்து காட்டுங்கோ, பிறகு கழட்டுறன்" என்றாள் சின்னம்மா. அதன்பிறகு எந்தக் கப்பல் ஊதினாலும், மீன் கழுவிய கையைச் சேலையில் துடைத்தபடி குசினியிலிருந்து வந்து, அலுமாரிக் கண்ணாடியில் பார்த்துப் பொட்டை இன்னும் பெரிதாக வைப்பாள்.

மச்சாள் பிடித்திருந்த தட்டிலிருந்து குங்குமத்தை அள்ளி என் நெற்றியில் வைத்தேன்.

"இப்ப தட்டைத் தாரும்" என்றேன்.