தூதுக்கு நின்றவள்

எங்கள் குடும்பத்தில் கோபம் வந்தால் நேரே பேசமாட்டோம். நடுவில் ஒருவரை நிறுத்திப் பேசுவோம். யாழ்ப்பாணத்தில் அம்மாவும் அப்பாவும் மாதக்கணக்கில் என்னை வைத்தே குடித்தனம் நடத்தினார்கள். "கொப்பாவைச் சாப்பிட வரச்சொல்லு" என்பார் அம்மா, மூன்றடி தள்ளி இருக்கும் அப்பாவுக்குக் கேட்கும்படியாக. அந்தக் கெட்ட பழக்கத்தை டென்மார்க்குக்கும் காவிக்கொண்டு வந்துவிட்டேன்.

போர் முடிந்த அந்த வருடம் மகள் சில்க்போர்க் நகரில் ஜிம்னாசியம் என்ற மேல்நிலைப் பள்ளியில் படித்துக்கொண்டிருந்தாள். ஆங்கில வகுப்புக்கு நானூறு வருடப் பழைய நாடகம் ஒன்று. ஊரில் நான் ஆங்கில வாத்தியார். இங்கே முதியோர் இல்லத்தில் கட்டில் விரிக்கிறேன். பழைய ஆங்கிலம் எனக்குத் தண்ணீர் பட்ட பாடு என்று அவளிடம் அளந்துவிட்டிருந்தேன்.

"அந்தக் காலத்தில இங்கிலீஷ்காரருக்கும் எங்கட 'நீ', 'நீங்கள்' மாதிரி ரண்டு இருந்தது. கடவுளுக்கும் பிள்ளைக்கும் 'தௌ'. பெரியாக்களுக்கு 'யூ'. கோவம் வந்தா நெருங்கின ஆக்களும் 'யூ'வுக்கு மாறிப்போடுவினம்."

வாத்தியாரையே டேனிஷில் 'டூ' என்று ஒருமையில் கூப்பிட்டு வளர்ந்தவள் சிரித்தாள். "நீங்களும் சித்தப்பாவும் மாதிரி" என்றாள்.

எனக்குச் சுருக்கென்றது. வன்னியில் இருந்த தம்பி என்னைவிட ஒரு வயதுதான் இளையவன். நீ, நான் என்று வளர்ந்தவர்கள். அம்மாவின் செத்தவீட்டுக்கு நான் போகவில்லை. "நீங்கள் அங்கேயே இருங்கோ" என்றான் போனில். அந்த 'நீங்கள்' என்னைச் சுட்டது. ஆறு வருடம் அவனோடு பேசவில்லை.

பங்குனியில் ஒரு பின்னேரம் யாருடையதோ சற்றலைட் போனில் அவன் கூப்பிட்டான். மகள் எடுத்தாள். நான் பக்கத்தில் நின்றேன்.

"சாப்பிட்டவரோ எண்டு கேள்."

"கஞ்சியாம்."

"பிள்ளையள் எங்கையெண்டு கேள்."

"பங்கருக்கையாம். அப்பா, உங்களைத் தரட்டாம்."

போனை நீட்டினாள். நான் தலையை ஆட்டி மறுத்தேன். அவன் இன்னொரு தரம் கேட்கவேண்டும் என்று ஆசைப்பட்டேன். குண்டுமழைக்குள் பங்கரில் பதுங்கியிருப்பவனிடம் எனக்கு அந்த வீம்பு. அவள் திரும்பக் காதில் வைத்தாள், என்னைப் பார்த்தாள், "ஓம்" என்றாள். லைன் அறுந்துவிட்டது.

வைகாசியில் எல்லாம் முடிந்தது. முகாம்களின் பட்டியல்களில் அவன் பெயரும் இல்லை, பிள்ளைகளின் பெயரும் இல்லை. நான் செய்ததை நினைக்க எனக்கே அருவருப்பாக இருந்தது. ஆனாலும் மனதின் ஒரு மூலை அவன்மேலேயே பழியைப் போட்டது: இரண்டாம் தரம் கேட்டிருந்தால் போனை வாங்கியிருப்பேனே.

ஆனியில் மகளுக்கு ஆங்கிலச் சோதனை. நாடகத்தில் அவளுக்குத் தூதனின் பகுதி. கோபக்கார ராசாவின் வரிகளை நான் வாசித்தேன். பாதியில் புத்தகத்தை மூடினாள்.

"தூதன் கேட்டதுக்கு மட்டும்தான் மறுமொழி சொல்லவேணுமோ?"

"இல்லை. தான் கண்டதையும் சொல்லவேணும்."

என்னோடு எப்போதும் டேனிஷில் மறுமொழி சொல்பவள் அன்று தமிழிலேயே தொடர்ந்தாள்.

"அண்டைக்கு ரண்டாந்தரம் சித்தப்பா உங்களைக் கேக்கேல்லை, அப்பா. அப்பா இன்னும் கோவமோ எண்டுதான் கேட்டவர். நான் உங்கட முகத்தைப் பாத்தன். ஓமெண்டு சொல்லிப்போட்டன்."

பிள்ளை கண்டதைத்தான் சொல்லியிருக்கிறாள்.