ரூம் அலியாரின் கடல்

ரூம் அலியார் மௌத்தான அன்று, கிண்ணியாவில் அவருடைய வீட்டு வாசலில் கூடியிருந்தவர்கள் ஒரேயொரு வெள்ளிக்கிழமையைப் பற்றித்தான் கதைத்தார்கள். எகிப்துக்காகப் பள்ளிவாசலில் நின்று அழுத மனிதர் என்றார்கள். இப்படி ஈமானுள்ள ஆளை இனி எங்கே காண்பது என்றார்கள். அலியாருக்குக் காது கேட்டிருந்தால் சந்தூக்குப் பெட்டியிலிருந்து இறங்கி ஓடியிருப்பார். அந்த வெள்ளிக்குப் பிறகு இருபத்தைந்து வருசம் உயிரோடிருந்தும், அந்தப் புகழை ஒரு நாளும் அவரால் நிமிர்ந்து கேட்க முடிந்ததில்லை.

வெள்ளைக்காரனின் கப்பற்படை திருகோணமலையில் இருந்த காலத்தில் அவருக்கு எண்ணெய் ஜெட்டியில் வேலை. போர்க்கப்பல் வந்து கட்டினால், எண்ணெய்த் தாங்கியிலிருந்து வரும் குழாயை அதில் பூட்ட வேண்டும். நிறைந்ததும் கழற்ற வேண்டும். ரூம் என்பது துருக்கி தேசத்தின் பழைய பெயர். அந்தப் பட்டம் வேலையால் வந்ததல்ல, வாயால் வந்தது. யாரோ ஒரு வெள்ளைக்காரன் எறிந்துவிட்ட சரித்திரப் புத்தகங்களை அகராதியோடு மல்லுக்கட்டிப் படித்து, மத்தியதரைக் கடலில் துருக்கிக்காரன் செய்த சண்டையெல்லாம் தலைக்குள் ஏற்றி வைத்திருந்தார். பின்னேரம் தோணியால் இறங்கினால் நேரே ஸெய்னுதீனின் தேத்தண்ணிக் கடை. அங்கே ரோட்ஸ் தீவு விழும், சைப்ரஸ் விழும். லெபாண்டோவில் துருக்கியின் கப்பல்கள் எரிந்து, அடுத்த வருசமே புதுக் கப்பற்படை எழும்பும். கேட்பவர்களின் தேத்தண்ணி ஆறிப்போகும்.

எல்லோருக்கும் பிடித்தது துடுப்புக்காரர்களின் கதை. அந்தக் காலத்துச் சண்டைக் கப்பல்களைப் பிடிபட்ட கைதிகளை வைத்தும் வலித்தார்கள். வெனிஸ்காரனின் கப்பலில் முஸ்லிம் கைதி, துருக்கியின் கப்பலில் கிறிஸ்தவக் கைதி. காலில் சங்கிலி. தன் ஊரைக் கொளுத்தப் போகிற கப்பலையும் அவனே வலிக்க வேண்டும்.

"ஒருத்தனாவது கையை மடக்கிட்டு இருந்தானா? உசிர் அவ்வளவு பெரிசா?" என்று அலியார் கேட்பார். பிறகு நெஞ்சை நிமிர்த்திக்கொள்வார். "இப்ப துடுப்பு இல்ல, எண்ணெய். நான் குழாயைப் பூட்டாட்டி ராணிட கப்பல் ஒரு முழம் அசையாது."

இன்னொரு பழக்கமும் அவரிடம் இருந்தது. அவருடைய வாப்பா தோணிக்காரர். தோணியைத் தள்ளும்போதெல்லாம், நூஹ் நபி கப்பலேறுகையில் சொன்னதை அவர் ஓதுவார்: அல்லாஹ்வின் பெயராலேயே இது ஓடுவதும் நிற்பதும். மகனும் விடவில்லை. குழாயைக் கழற்றியதும் உள்ளங்கையைக் கப்பலின் பக்கத்தில் வைத்து அதை ஓதித்தான் அனுப்புவார். நூஹ் நபியின் கப்பலில் பீரங்கி இருக்கவில்லை என்பது அவருக்குத் தோன்றவேயில்லை.

ஐம்பத்தாறாம் ஆண்டு, சுயஸ் கால்வாய் இனித் தன்னுடையது என்று எகிப்து அறிவித்த பிறகு, ஒரு கப்பல் அவசரமாக வந்து எண்ணெய் கேட்டது. எங்கே பயணம் என்று அலியார் விசாரித்தார். மத்தியதரைக் கடலுக்கு என்றான் மாலுமி. அலியாருக்குத் தலைகால் தெரியவில்லை. தன் கதைக் கடலுக்குத் தன் கையால் எண்ணெய் ஊட்டிய கப்பல் போகிறது. அன்று ஒரு தடவைக்குப் பதிலாக மூன்று தடவை ஓதினார். மாலுமி ஒரு பிஸ்கட் தகரம் கொடுத்தான். பிஸ்கட்டைப் பிள்ளைகள் தின்ன, மனைவி ஸல்ஹா தகரத்தில் சீனி போட்டு வைத்தாள்.

கார்த்திகை மாரியோடு சேதி வந்தது. வெள்ளைக்காரன் எகிப்தின் போர்ட் செய்த் துறைமுகத்துக்குக் கடலிலிருந்து குண்டடிக்கிறான் என்று தேத்தண்ணிக் கடை ரேடியோ சொன்னது.

"ஜும்ஆவுக்குப் பிறகு எகிப்துக்காகத் துஆ கேக்கப் போறம் காக்கா," என்றான் ஸெய்னுதீன். "அதுக்கு முன்னால நீங்க எழும்பி அந்தக் கடல்ட கதையைச் சொல்லோணும்."

அலியார் உடனே ஓம் என்றுவிட்டார். ஊர் முழுக்கக் கேட்கப் போகிற கதை. வேறொன்றும் அவருடைய மண்டையில் ஏறவில்லை.

வியாழக்கிழமை துருக்கித் தொப்பியின் குஞ்சத்தை நீவிக்கொண்டிருந்தபோது, ஸல்ஹா சீனி எடுக்க வந்தாள்.

"இஞ்ச, இந்தத் தகரம் தந்த கப்பலும் அங்கதானே போன?"

"போனதெல்லாம் குண்டடிக்குமா? உன்ட வேலையைப் பாரு."

அவள் போய்விட்டாள். அலியார் குஞ்சத்தைப் பிடித்தபடியே இருந்தார். மூன்று தடவை ஓதியது ஞாபகத்துக்கு வந்தது. உடம்பு கூசியது. காய்ச்சல் என்று சொல்லிப் படுத்துவிடலாமா என்று யோசித்தார். அதற்கும் வெட்கமாக இருந்தது.

வெள்ளிக்கிழமை எழும்பி நின்றார். ரோட்ஸைச் சொன்னார், சைப்ரஸைச் சொன்னார், குரல் பிசகவில்லை. முன் வரிசையிலிருந்து ஸெய்னுதீன் பெருமையோடு எடுத்துக் கொடுத்தான்.

"சங்கிலிக் கதையைச் சொல்லுங்க காக்கா."

"அவங்கட காலில சங்கிலி இருந்த..." என்று தொடங்கிய அலியாருக்கு அதற்கு மேல் வாய் வரவில்லை. எண்ணெய் அடித்தவன் நான்தான் என்று சொல்லத்தான் நினைத்தார். அத்தனை முகங்களைப் பார்த்ததும் தைரியம் போய்விட்டது. அழுகைதான் வந்தது. எகிப்துக்காக அழுகிறார் என்று பள்ளிவாசலே விம்மியது. துஆ முடிந்ததும் ஆளுக்காள் வந்து அவருடைய கையைப் பிடித்து முத்தமிட்டார்கள். குழாய் பூட்டிய கை அது. இழுத்துக்கொள்ளக்கூட அவருக்கு வழியில்லை.

வீட்டுக்கு வந்தபோது சீனி ஒரு மண்சட்டியில் இருந்தது. தகரத்தைக் காணவில்லை. பள்ளியில் நடந்ததை ஸல்ஹா ஏற்கெனவே கேள்விப்பட்டிருந்தாள். சோற்றை வைத்துவிட்டு ஒன்றே ஒன்று கேட்டாள்.

"திங்கக்கிழமை வேலைக்குப் போறீங்களா?"

"போகாம ஏலாதே. பிள்ளையள் தின்ன வேணாமா?"

சொல்லிவிட்டுக் குனிந்து தன் வெறுங்காலைப் பார்த்தார். பிறகு சோற்றில் கை வைத்தார்.

திங்கட்கிழமை போனார். வேறொரு கப்பல் நின்றது. எங்கே பயணம் என்று அவர் கேட்கவில்லை. குழாயைப் பூட்டினார், நிறைந்ததும் கழற்றினார். பழக்கத்தில் உள்ளங்கை கப்பலின் பக்கத்தில் போய் ஒட்டிக்கொண்டது. வாயை இறுக்கி மூடிக்கொண்டார். அவரால் செய்ய முடிந்தது அவ்வளவுதான். அவர் ஓதவில்லை என்பதற்காகக் கப்பல் நிற்கவில்லை.