சங்கு ஊதினால் எந்தப் பக்கம்?

“…அதெல்லாம் கரீட்டுதான் நைனா, சங்கு ஊதனா ஓடு ஓடுன்றியே, இந்தப் புள்ளைங்க எந்தப் பக்கம் ஓடும்னு ஒருவாட்டியாவது நின்னு பாத்துக்கீறியா நீ?” என்று பால்கார கோவிந்தம்மா கேட்டபோது, குடியிருப்பின் சமுதாயக் கூடத்தில் இருந்த அத்தனை பேரும் சிரித்தோம். தலைக்கு மேலே கடகடத்துக்கொண்டிருந்த மின்விசிறியும், வாசலில் நின்ற அவரது அலுமினியக் கேனிலிருந்து வந்த பச்சைப்பால் வாசனையும் எனக்கு இன்றைக்கும் அந்தச் சிரிப்போடு சேர்ந்தேதான் நினைவுக்கு வருகின்றன. சிரித்தவர்களில் நானும் ஒருத்தி. எனக்கு அப்போது பதினொரு வயது.

ஆவடிப் பக்கத்துப் பாதுகாப்புத் துறைத் தொழிற்சாலை ஒன்றின் குடியிருப்பு அது. நாங்கள் சொல்வது “குவார்ட்டர்ஸ்”. திருநெல்வேலி, கோயம்புத்தூர், தஞ்சாவூர் என்று ஊருக்கொரு குடும்பமாக வந்து ஒரே மாதிரி மஞ்சள் சுவர்களுக்குள் அடைந்துகொண்டவர்கள் நாங்கள். சுற்றிலும் இருந்த பழைய கிராமத்துக்காரர்களில் எங்களுக்கு நன்றாகத் தெரிந்தவர் கோவிந்தம்மா ஒருவர்தான். தொழிற்சாலை மதிலுக்கு அந்தப் பக்கம் அவருக்கு ஒரு துண்டு நிலமும், இந்தப் பக்கம் மேய்கிற ஓர் எருமையும் இருந்தன. என் அம்மாவை அவர் “தின்னவேலிக்கா” என்று கூப்பிடுவார். அம்மாவும் அவரைத் தங்கச்சி என்றே எண்ணி அதட்டுவாள்.

எங்கள் வாழ்க்கை முழுவதும் “சங்கு” என்று நாங்கள் சொன்ன தொழிற்சாலைச் சைரனில் மாட்டப்பட்டிருந்தது. அது ஊதும்போது அலமாரியில் கவிழ்த்து வைத்த எவர்சில்வர் டம்ளர்கள் ஒன்றையொன்று உரசிக்கொண்டு மெல்ல அதிரும். காலைச் சங்குக்கு அப்பாவின் சைக்கிள் கிளம்பும், மதியச் சங்குக்கு அம்மா சோற்றை வடிப்பாள், மாலைச் சங்குக்குத் தெருவிலிருக்கும் வாண்டுகள் எல்லாம் செருப்பைக்கூடத் தேடாமல் தொழிற்சாலை வாசலைப் பார்த்து ஓடும். வாசல் திறந்ததும் உள்ளிருந்து சைக்கிள்கள் வெள்ளம் போலப் பாயும். அந்த வெள்ளத்தில் தன் அப்பாவை முதலில் கண்டுபிடிக்கிற பிள்ளைக்கு சைக்கிள் பாரில் உட்கார இடமும், அப்பாவின் பையிலிருந்து “கேன்டீன் பன்” ஒன்றும் கிடைக்கும். டர்னர் வேலை பார்த்த என் அப்பா தேநீர் இடைவேளையில் தனக்குக் கொடுக்கிற பன்னைத் தின்னாமல் என் தம்பி பாபுவுக்காக வைத்திருப்பார். பாபுவுக்கு ஐந்து வயது. அந்த ஓட்டத்தில் அவனை ஜெயிக்க ஆளில்லை. அப்பாவின் கைக்கடிகாரம் நின்று போய் ஒரு வருஷமான பிறகும் அவர் அதைப் பழுது பார்க்கவில்லை. கேட்டால், “வாட்சு ஓடலைன்னா என்னட்டி, சங்கு இருக்குல்லா?” என்பார்.

தொண்ணூறுகளின் தொடக்கத்தில் இந்த ஒழுங்கான வாழ்க்கைக்குள் பயம் வந்து உட்கார்ந்தது. பேப்பரைப் பிரித்தால் குண்டு, வானொலியைத் திருகினால் குண்டு. கேட்பாரற்றுக் கிடக்கும் பெட்டி எதையும் தொடாதீர்கள் என்று ரயில் நிலையத்தில் ஒரு குரல் ஓயாமல் சொல்லிக்கொண்டிருக்கும். தொழிற்சாலை வாசலில் அப்பாவின் அடுக்குத் தூக்கை ஒவ்வொரு அடுக்காகத் திறந்து பார்த்துத்தான் உள்ளே விட்டார்கள். “என் புளிக்கொழம்பு மேல எனக்கில்லாத சந்தேகம் அந்தக் காவக்காரனுக்கு” என்று அப்பா சிரித்தார். அம்மாவுக்குச் சிரிப்பு வரவில்லை. சாப்பிட உட்கார்ந்தால் நாங்கள் இருவரும் எதிரிலேயே இருக்கும்போதே “ரெண்டு பேரும் இருக்கீகளா?” என்பாள். நானோ பள்ளிக்கூட பெஞ்சில் யாராவது மறந்துவிட்டுப் போன டிபன் பாக்ஸைப் பார்த்தால் இரண்டு வரிசை தள்ளித்தான் நடப்பேன். எல்லாருக்கும் கால் தரையில் பாவாத ஒரு காலம் அது.

அப்போதுதான் “டிரில் சார்” வந்தார். அவர் ஓர் இளம் பாதுகாப்பு அதிகாரி. எந்நேரமும் இஸ்திரி கலையாத சட்டை, கையில் சுருட்டிய படங்கள். குடும்பங்களைத் தயார்ப்படுத்தப் போகிறேன் என்றார். வழக்கமான சங்கு ஒரே நீளமாக ஊதும். ஆபத்துச் சங்கு ஏறி இறங்கி, ஏறி இறங்கி ஊதும். அது கேட்டால் அடுப்பை அணைத்து, கதவைப் பூட்டாமல் சாத்திவிட்டு, தொழிற்சாலைக்கு நேர் எதிர்த் திசையில் தண்ணீர்த் தொட்டிக்கு அப்பால் இருக்கும் கால்பந்து மைதானத்துக்குப் போக வேண்டும். அங்கே பிளாக் வாரியாக நின்று தலை எண்ண வேண்டும். பிளாக்குக்கு ஒரு தலைவி. எங்கள் பிளாக்குக்கு அம்மாவைத் தேர்ந்தெடுத்தார்கள். காரணம், அவள் கூப்பிட்டால் மூன்று பிளாக் தள்ளிக் கேட்கும். சிவப்புக் கைப்பட்டை ஒன்றும் விசில் ஒன்றும் பன்னிரண்டு வீட்டுப் பெயர்ப்பட்டியலும் கொடுத்தார்கள்.

ரேஷன் கார்டு, பிள்ளைகளின் சர்டிபிகேட், ஒரு மாற்றுத் துணி இவற்றை வைத்து வாசல் ஆணியில் ஒரு பை மாட்டச் சொன்னார்கள். பக்கத்து வீட்டு சரஸ்வதி அத்தை கோயம்புத்தூர்க்காரர்; அவர் மாற்றுத் துணியாகக் கல்யாணப் பட்டுப்புடவையை மடித்து வைத்திருந்தார். பையைச் சோதிக்கப் போன அம்மா, “ஏ சரசு, குண்டு வெடிக்கையில கல்யாண வீட்டுக்கா போற?” என்று கேட்டாள்.

“ஏனுங்க்கா, உசுரோட தப்பிச்சு வந்தா நாலு பேரு பாக்க வருவாங்கல்லோ? அப்பக் கட்டறதுக்கு ஒண்ணு வேணுமில்லீங்க?” என்றார் அத்தை.

முதல் ஒத்திகை ஒரு புதன்கிழமை மதியம் மூன்று மணிக்கு நடந்தது. சங்கு ஏறி இறங்கி ஊதியது. பெண்கள் அடுப்பை அணைத்தார்கள், பையை எடுத்தார்கள், பெரிய பிள்ளைகளான நாங்கள் வரிசையாக நடந்தோம். சொன்னதை எல்லாம் சொன்னபடி செய்தோம் என்ற பெருமையோடு மைதானத்தில் போய் நின்றோம். அம்மா பட்டியலை வைத்துக்கொண்டு எண்ணினாள். ஒன்று குறைந்தது. மறுபடி எண்ணினாள். மறுபடியும் ஒன்று. பக்கத்து பிளாக்கில் இரண்டு, அதற்கடுத்ததில் மூன்று. குறைந்தவர்கள் எல்லாரும் ஆறு வயதுக்கு உட்பட்டவர்கள் என்பது அப்போதுதான் ஒவ்வொருவராகச் சொல்லச் சொல்லத் தெரிந்தது. எங்கள் பிளாக்கில் குறைந்தது தலைவியின் மகன்.

அவர்கள் அனைவரும் தொழிற்சாலை வாசலில் இருந்தார்கள். சங்கு ஊதியிருக்கிறது, அப்பா வரப்போகிறார், பன் வரப்போகிறது. ஏறி ஊதினாலென்ன, இறங்கி ஊதினாலென்ன? பூட்டியிருந்த இரும்புக் கதவின் கம்பிகளைப் பிடித்துக்கொண்டு முதல் ஆளாக நின்றான் பாபு. ஒத்திகைக் கதைப்படி குண்டு வைத்திருந்த இடம் அந்த வாசல்தான். டிரில் சார் நோட்டைத் திறந்து, “கணக்குப்படி இந்தப் பதினான்கு குழந்தைகளும்…” என்று ஆரம்பித்தவர், அம்மாவின் முகத்தைப் பார்த்துவிட்டு நோட்டை மூடினார். அம்மா பாபுவின் மணிக்கட்டைப் பிடித்தாள். வீடு வந்து, பால் காய்ச்சி, அது பொங்கி வழிகிற வரைக்கும் அந்தக் கையை விடவில்லை.

ஞாயிற்றுக்கிழமை கூட்டம் போட்டார்கள். அப்பாக்களும் வந்திருந்தார்கள். குழந்தைகளுக்கு இரண்டு சங்கின் வித்தியாசத்தையும் வீட்டில் பாட்டாகச் சொல்லிக் கொடுங்கள், தவறினால் கண்டியுங்கள் என்று டிரில் சார் விளக்கிக்கொண்டிருந்தபோதுதான் வாசல் பக்கமிருந்து கோவிந்தம்மாவின் குரல் வந்தது. நான் முதலில் சொன்ன அந்தக் கேள்வி. தினமும் மாலையில் வாசல் ஓரம் எருமையோடு நின்று அந்த ஓட்டத்தைப் பார்க்கிறவர் அவர்.

“நீங்க எந்த பிளாக்மா?” என்றார் டிரில் சார், பட்டியலைப் புரட்டியபடி.

“நான் எருமை பிளாக்கு” என்றார் கோவிந்தம்மா. கூடம் இன்னொரு முறை சிரித்தது. “சிரிச்சிக்கோங்க. எருமைய எம்மாம் அதட்டனாலும் நீ சொல்ற எடத்துக்கு வராது நைனா. புல்லு எங்க கீதோ அங்கதான் வரும். கொயந்தைங்கோ மட்டும் வேற மாதிரியா?”

பட்டியலில் இல்லாதவர்கள் குறுக்கே பேச வேண்டாம் என்று டிரில் சார் சொல்லித்தான் பார்த்தார். ஆனால் விஷயம் அதோடு முடியவில்லை.

அந்த வாரமே பன் இடம் மாறியது. மாலைச் சங்குக்கு அப்பாக்கள் வாசலில் நிற்காமல், வீட்டையும் தாண்டி மிதித்துப் போய், மைதானத்தில் வைத்துத்தான் பன்னைக் கொடுப்பது என்று முடிவானது. எட்டு மணி நேரம் நின்று வேலை பார்த்தவர்கள் முணுமுணுத்தார்கள். என் அப்பாவும் ஒரு நாள் மழுப்பப் பார்த்தார். “வாசல்ல வச்சுப் பன்னைக் குடுத்தீகன்னா அன்னைக்கு உங்களுக்குச் சோறு கெடையாது” என்று அம்மா சொன்னதோடு அது நின்றது. முதல் நாட்களில் பாபு வாசலுக்கு ஓடி, அப்பாவின் சைக்கிள் நிற்காமல் போவதைப் பார்த்து, தெரு முழுக்க அழுதுகொண்டே பின்னால் ஓடினான். எனக்கே பாவமாக இருந்தது. பத்துப் பதினைந்து நாளில் அழுகை நின்றது. சங்கு ஊதினால் கால் தானாக மைதானத்துப் பக்கம் திரும்பியது.

அடுத்த ஒத்திகைக்குத் தேதி குறிப்பதற்குள் நிஜமே வந்துவிட்டது. கோடைக்காலம், மாலைச் சங்குக்கு இன்னும் நேரமிருந்தது. மதிலோரத்துக் காய்ந்த புல்லில் பற்றிய நெருப்பு உள்ளே மரப்பெட்டிக் கிடங்குக்குத் தாவ, அங்கிருந்த தகர டின்கள் பட்பட்டென்று வெடிக்க ஆரம்பித்தன. அந்த வருஷத்தில் அப்படியொரு சத்தம் கேட்டால் எவருக்கும் ஒரே அர்த்தம்தான். “வச்சுட்டானுவ!” என்று யாரோ கத்தினார்கள். சங்கு ஏறி இறங்கி ஊதியது. தீயணைப்பு வண்டிகள் இரண்டு, புகைக்குள் வழி தெரியாமல், பிள்ளைகள் வழக்கமாக நிற்கும் அந்த வாசல் வளைவில் ஒன்றன்பின் ஒன்றாகச் சீறிக்கொண்டு திரும்பின.

அங்கே ஒரு பிள்ளையும் இல்லை. நாங்கள் மூச்சிரைக்க மைதானத்துக்குப் போய்ச் சேர்ந்தபோது, எங்களுக்கு முன்னாலேயே வாண்டுக் கூட்டம் கோல் கம்பத்தடியில் நின்று கை நீட்டிக்கொண்டிருந்தது. அம்மா எண்ணினாள். பன்னிரண்டு வீடும் சரியாக இருந்தது. ஆனால் அவள் உட்காரவில்லை. பட்டியலைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள்.

“ஆள் கொறையுதுட்டி” என்றாள் என்னிடம்.

“எல்லாரும் இருக்காகளேம்மா.”

“பேப்பர்ல இருக்கவுகல்லாம் இருக்காக. கோவிந்தம்மா எங்க?”

அது எருமை மதிலோரம் மேய்கிற நேரம். பட்டியலை என் கையில் திணித்து, “தம்பிய விடாத” என்று சொல்லிவிட்டு, எந்தப் பக்கம் போகக் கூடாது என்று ஒரு மாதமாக ஊருக்கே சொல்லிக்கொண்டிருந்தாளோ அந்தப் பக்கம் அம்மா விறுவிறுவென்று போனாள். அந்தக் கைப்பட்டையின் சிவப்பு புகைக்குள் கரைகிற வரைக்கும் பார்த்துக்கொண்டு நின்றேன். பாபுவின் மணிக்கட்டு என் பிடியில் வெளுத்துப் போயிருந்தது.

அங்கே நடந்ததை அம்மா பிறகு எத்தனையோ முறை சொல்லியிருக்கிறாள். பாதை நடுவே எருமை படுத்திருந்திருக்கிறது. கோவிந்தம்மா கயிற்றை இழுத்துக்கொண்டு, இருமிக்கொண்டு நின்றாராம். “ஏ கிறுக்கி, அதை விட்டுட்டு வா!” என்று அம்மா கத்தியதற்கு, “இத்த வுட்டுட்டு நான் எங்கக்கா வர்றது? இது ஒண்ணுதான் உங்க டிரில்லுக்கு வர்ல, சங்கு ஊதனதும் குந்திக்கினு எந்திரிக்கவே மாட்டேங்குது, பேஜாரு!” என்றாராம். அம்மா டிரில் சார் கொடுத்த விசிலை எருமையின் காதோரம் வைத்து மூச்சைக் கூட்டி ஊதினாள். அரசாங்க விசில் அதன் வாழ்நாளில் செய்த ஒரே உருப்படியான வேலை அதுதான் என்பாள். எருமை மைதானம் வரைக்கும் நிற்கவில்லை.

நெருப்பை அணைத்து எல்லாரையும் வெளியே விட்டபோது வெயில் சாய்ந்திருந்தது. குண்டு எதுவுமில்லை, வெறும் புல் என்றார்கள். முடியெல்லாம் சாம்பலாக அப்பா சைக்கிளைத் தள்ளிக்கொண்டு நேராக மைதானத்துக்கு வந்தார். அம்மா அப்போதுதான் தரையில் உட்கார்ந்தாள். பாபு அப்பாவின் வெறும் கைகளை முன்னும் பின்னும் திருப்பிப் பார்த்துவிட்டு, “பன் எங்க?” என்றான்.

அன்று மாலையே அம்மா என் பென்சிலை வாங்கி, பட்டியலில் பன்னிரண்டாம் வீட்டுக்குக் கீழே ஒரு வரி எழுதினாள்: “கோவிந்தம்மா. எருமை ஒன்று.”

இப்போது நான் அயனம்பாக்கம் ஏரிக்குப் பக்கத்தில் ஒரு அடுக்குமாடியில் இருக்கிறேன். இங்கேயும் வருஷத்துக்கு ஒருமுறை தீ ஒத்திகை உண்டு. மணி அடித்தால் ஆட்கள் கதவைத் திறந்து எட்டிப் பார்த்து, செல்போனில் குரூப்பைப் பார்த்து, மறுபடி சாத்திக்கொள்வார்கள். என் தளத்தில் எத்தனை பேர் இருக்கிறார்கள் என்று எனக்கும் தெரியாது. எங்கள் வீட்டில் பாத்திரம் தேய்க்க வருகிற பெண் எந்தப் பட்டியலிலும் இல்லை. பாபு அம்பத்தூரில் ஒரு கம்பெனியில் இருக்கிறான். அங்கே ஒளிரும் சட்டை போட்டுக்கொண்டு எண்ணுகிற வேலை அவனுடையது. பழைய குவார்ட்டர்ஸின் எங்கள் வரிசை காலியாகிக் கிடக்கிறது. சங்கு இப்போது ஊதுவதில்லை. எருமை மேய்ந்த இடத்தில் வரிசையாகக் கடைகள் வந்துவிட்டன. கோவிந்தம்மா போய்ச் சேர்ந்தும் வருஷங்கள் ஆகின்றன. அம்மாவின் பையில் அந்தப் பட்டியல் மட்டும் இருக்கிறது. பென்சில் வரி வெளிறிவிட்டாலும் படிக்க முடிகிறது. அதைப் படிக்கும்போதெல்லாம் கூடத்தில் நாங்கள் சிரித்த சிரிப்பும் கூடவே கேட்கிறது.

ஏனென்றால் அந்த ஞாயிற்றுக்கிழமைக் கூட்டத்தில், பட்டியலில் இல்லாதவர் பேச வேண்டாம் என்று டிரில் சார் சொன்னதும், கோவிந்தம்மா பேச்சை விட்டுவிட்டார். கேனை வாசலிலேயே வைத்தார். அப்பாவின் மடியில் உட்கார்ந்து, சனிக்கிழமை கொடுத்த பன்னில் பாதியைத் தின்றிருந்த பாபுவிடம் வந்து, மீதிப் பாதியை அவன் கையிலிருந்து வெடுக்கென்று பிடுங்கி, தலைக்கு மேலே எல்லாரும் பார்க்கத் தூக்கிப் பிடித்துக்கொண்டு, தண்ணீர்த் தொட்டியைத் தாண்டி மைதானத்தைப் பார்த்து நடக்க ஆரம்பித்தார். பாபு வீறிட்டுக்கொண்டு அவர் பின்னால் ஓடினான். அவன் பின்னால், ஏன் ஓடுகிறோம் என்று தெரியாமலே, கூடத்திலிருந்த அத்தனை வாண்டுகளும் ஓடின. அவர் திரும்பியே பார்க்கவில்லை.