அண்ணா துளை போட்ட கப்பல்

அண்ணா அந்தக் கப்பல் பெட்டியை, நாங்கள் ஊரைவிட்டு வந்து குடியிருக்கும் ஒடாஹுஹுவில் ஒரு பழைய சாமான் கடையில் வாங்கினான். மரத் துண்டுகளை ஒட்டி ஒட்டிக் கட்டவேண்டிய சின்னக் கப்பல். பெட்டிக்குள் பிரெஞ்சுக் கொடி ஒன்றும் இங்கிலீஷ் கொடி ஒன்றும், அந்தக் கப்பலின் கதை எழுதிய தாளும் இருந்தன. நான் பள்ளிக்கூடத்தைப் பாதியில் விட்டவள், அந்த இங்கிலீஷ் எனக்கு ஓடாது. அண்ணாதான் வாசித்துச் சொன்னான். முதலில் அது பிரெஞ்சுக்காரரின் தனியார் கப்பல். எதிரிக் கப்பல்களைக் கொள்ளையடிக்க அவர்களுடைய அரசாங்கமே அனுமதி கொடுத்திருந்தது. இங்கிலீஷ்காரரின் கடற்படை அதைப் பிடித்து, பேரை மாற்றி, மேலும் பீரங்கிகள் ஏற்றித் தன் போர்க்கப்பலாக்கியது. பிறகு அதைக்கொண்டே அதன் பழைய கூட்டாளிகளைத் துரத்தியது. கடைசியில் பழசாகிப்போக, உடைத்து விறகாக விற்றார்கள்.

"அப்பா, உங்கட வள்ளத்தின்ர கதைதான் இது," என்றான் அண்ணா.

"என்ர வள்ளம் மீனைத் தவிர ஒருத்தரையும் கொள்ளையடிக்கேல்லையடா."

ஊரில் சண்டைக் காலத்தில் அப்பாவின் வள்ளத்தைப் பிடித்துக்கொண்டு போய்விட்டார்கள். பிறகு ஒருநாள் அது சாம்பல் நிறப் பெயின்ற்றும் துவக்குமாக இறங்குதுறையில் நின்றதாம். அப்பா பார்த்தும் பார்க்காத மாதிரி நடந்து வந்தாராம்.

ஒரு காலை மனுரேவாவுக்கு வேலைக்குப் போன அண்ணா திரும்பி வரவில்லை. மோட்டர்வேயில் லொறி. அதற்கு மேல் எனக்கு எழுத வராது.

அவன் இல்லாமல் ரென்ட் கட்ட எங்களால் முடியாது. அதனால் அவன் அறைக்கு வாடகைக்கு ஒரு ஸ்டூடன்ட் வந்தார். அறையைக் காலிசெய்தபோது பாதிக் கப்பலைச் சாப்பாட்டு மேசைக்குக் கொண்டுவந்தேன். முப்பத்தோராம் நாள் காரியத்தில் அவனுக்குப் பிடித்ததையெல்லாம் படைக்கும்போது இதையும் முடித்து வைக்க நினைத்தேன். அவனுக்காக வேறு என்ன செய்வதென்று எனக்குத் தெரியவில்லை.

"எந்தக் கொடி அப்பா?"

"முதல் கொடி. பிடிபட முன்னம் எப்பிடி இருந்ததோ, அப்பிடியே கட்டு பிள்ளை."

அவர் சொன்ன விதத்தில் எனக்கும் ஆசை வந்துவிட்டது. அப்படிக் கட்டிவிட்டால் ஒன்றுமே நடக்காத மாதிரி. ஆனால் கப்பலைத் திருப்பிப் பார்த்தால், பிடித்த பிறகு ஏற்றிய பீரங்கிகளுக்கான துளைகளை அண்ணா முன்னமே போட்டிருந்தான். அவன் கையிலேயே அது பிடிபட்டுவிட்டது.

"அடை," என்றார் அப்பா. "வள்ளத்தில நான் எத்தினை ஓட்டை அடைச்சனான்."

துளை அடைக்கும் புட்டிப் பசை வைத்து அழுத்தினேன். பலகை தீக்குச்சித் தடிப்புத்தான், பிளந்தது. அப்பா வாங்கித் தானும் அழுத்திப் பார்த்தார். இன்னும் பிளந்தது.

முப்பத்தோராம் நாள் உளுந்து வடைக்கும் கோலாப் போத்தலுக்கும் பக்கத்தில், கொடியில்லாமல் அதை வைத்தோம்.

"ஆரின்ர கப்பல் இது?" என்று வந்திருந்த ஒரு மாமா கேட்டார்.

எல்லாரும் போனபின் அப்பா சொன்னார்: "கவனமாக் கொண்டுபோய் அவன்ர அறையில வை பிள்ளை."

அறைக் கதவு பூட்டியிருந்தது. உள்ளே அந்த ஸ்டூடன்ட் போனில் யாரோடோ சிரித்துப் பேசிக்கொண்டிருந்தார். அப்பாவுக்கும் கேட்டது. மேசையைத் துடைக்கத் தொடங்கினார்.

இப்போது கப்பல் கராஜில், வாஷிங் மெஷினுக்கு மேல் இருக்கிறது. மெஷின் சுற்றும்போதெல்லாம் ஆடி ஆடி ஏதாவது ஒரு துண்டு கழன்று விழுகிறது. எடுத்து ஒரு வெறும் ஐஸ்கிரீம் பெட்டிக்குள் போடுகிறேன். திரும்ப ஒட்டுவதில்லை.