எதிர்மனுதாரரிடம் ஒரு நாள் லீவு

நீதிமன்ற வராந்தாவின் குழாயில் அந்த அம்மாள் டம்ளரை நிரப்பி, குடிக்காமல், வெளிச்சத்துக்கு நேராகத் தூக்கிப் பார்க்கிறார். அப்புறம் மூக்கருகே கொண்டுபோய் மோந்து பார்க்கிறார். பின்னால் நிற்கும் குமாஸ்தா உச்சுக்கொட்டுகிறார். "குளோரின் கொஞ்சம் தூக்கல். பரவால்ல, குடிக்கலாம்" என்று அவருக்கும் சேர்த்துச் சொல்லிவிட்டு ஒரே மூச்சில் குடித்து முடிக்கிறார். இந்தக் கட்டடத்தில் இவ்வளவு சீக்கிரம் கிடைக்கும் தீர்ப்பு அது ஒன்றுதான்.

குடிநீர் வாரியத்தின் பரிசோதனைக் கூடத்தில் அவர் மூத்த ஆய்வாளர். கூடத்தின் தலைமைப் பதவி காலியானபோது, பத்து வருஷமாவது ஆய்வுக்கூடத்தில் வேலை பார்த்தவராக இருக்க வேண்டும் என்பது விதி. இவருக்கு அதற்கு மேலேயே இருந்தது. பதவி போனதோ, கணக்குப் பிரிவிலிருந்து வந்த ஒருவருக்கு. மேலிடத்துக்கு வேண்டியவர். அந்த நியமனம் செல்லாது என்று இவர் வழக்குப் போட்டார். அப்போது மகள் பள்ளிக்கூடம் போய்க்கொண்டிருந்தாள். இப்போது மகளின் பிள்ளை போகிறது. அலுவலகத்தில் இவருக்கு "வாய்தா அக்கா" என்று பெயர் விழுந்துவிட்டது. கூப்பிட்டால் திரும்பியும் பார்ப்பார்.

கூத்து என்னவென்றால், ஒவ்வொரு வாய்தாவுக்கும் லீவு கேட்க வேண்டியது அந்தத் தலைமை அதிகாரியிடமேதான்.

"எதுக்கு மேடம் லீவு?" பழக்கதோஷத்தில் கேட்பார்.

"உங்க கேஸ்தான் சார். நாளைக்கு வருது."

"ஓ, ஆமால்ல. போயிட்டு வாங்க. வெயிலா இருக்கு, கொடை எடுத்துக்கங்க."

கெட்ட மனிதர் இல்லை. இவருக்கு அதுதான் தொந்தரவே. கெட்டவராக இருந்தால் கோபத்தையாவது மூட்டிக்கொண்டு படியேறலாம். ஆனால் அந்த நல்ல மனிதர் நீட்டிய இடத்தில் எல்லாம் கையெழுத்துப் போடுவார், சோதனைக்கு வந்த தண்ணீர் பாட்டிலைத் திரும்பிக்கூடப் பார்க்க மாட்டார். அப்படித்தான் ஒருமுறை, சாக்கடை கலந்த குழாய்த் தண்ணீருக்கு நல்ல தண்ணீர் என்று சான்று போனது. அந்தத் தெருப் பிள்ளைகள் வயிற்றைப் பிடித்துக்கொண்டு ஆஸ்பத்திரியில் கிடந்தார்கள். "எனக்கு அந்த நாற்காலி வேணாம்னே வச்சுக்கங்க. பாட்டிலத் தூக்கிப் பாக்குற ஆள் யாராவது அதுல உக்காரணும்ல?" என்பார், யார் கேட்டாலும்.

முதல் வக்கீல் மனுவில் வாரியத்தை ஒரு தரப்பாகச் சேர்க்க மறந்துவிட்டார். அதைத் திருத்துவதற்குள் ஒரு நீதிபதி மாறிப்போனார். இரண்டாவது வக்கீல் அரசு வக்கீலாகிவிட்டார். "அதுவும் நியமனம்தானே. அதுக்கு ஒரு கேஸ் போட எனக்குத் தெம்பில்ல" என்பார் இவர். இப்போது இருப்பவர் மூன்றாமவர். வழக்குக் கட்டைக் கையில் வாங்கியபோது அவருக்குத் தலை நிறைய முடி இருந்தது.

ராத்திரி முழங்காலுக்குத் தைலம் தேய்த்துவிடும் வீட்டுக்காரருக்குக் கேலி செய்யாவிட்டால் தூக்கம் வராது. "அடிமேல் அடி வச்சா அம்மியும் நகரும்பாங்க. இங்க அம்மி அப்படியே கெடக்கு, நீதான் தேஞ்சுட்ட." ஆனால் விட்டுவிடு என்று அந்த மனிதர் ஒரு நாளும் சொன்னதில்லை.

இந்த மாதக் கடைசியோடு இவருக்குப் பணி ஓய்வு. அதற்குள் தீர்ப்பு வந்துவிட வேண்டும் என்பதுதான் இன்றைய நினைப்பெல்லாம். வழக்கைக் கூப்பிட்டார்கள். எதிர்த்தரப்பு எழுந்து மறுபடி அவகாசம் கேட்டது. நீதிபதி தலை நிமிராமல் கொடுத்தார். தேதி அடுத்த மாதத்தில் விழுந்தது.

வராந்தாவுக்கு வந்ததும் வக்கீல் தயங்கித் தயங்கிச் சொன்னார்.

"நீங்க ரிட்டயர் ஆயிட்டா, ஜெயிச்சாலும் அந்தப் பதவி உங்களுக்குக் கிடைக்காதும்மா. அலைச்சல்தான் மிச்சம். வாபஸ் வாங்கிக்கலாம். ஒரு கையெழுத்துப் போட்டாப் போதும், மத்தத நான் பாத்துக்கறேன்."

வாபஸ் மனுவை வழக்குக் கட்டின் மேல் விரித்து, மூடியைக் கழற்றிப் பேனாவை நீட்டினார். அவர் சொன்னதில் தப்பு ஒன்றும் இல்லை. இவருக்கும் அலுத்துத்தான் போயிருந்தது. வீட்டுக்குப் போய்க் காலை நீட்டி உட்கார வேண்டும் போலிருந்தது. பேனாவை வாங்கிக்கொண்டார்.

பிறகு வக்கீலின் இடது கையிலிருந்த மூடியைக் கேட்டு வாங்கினார். பேனாவை மூடி, அவருடைய கறுப்புக் கோட்டின் பையில், மை கசியாதபடி நிமிர்த்திச் செருகினார்.